‘ஏன் இப்படி?’ என்பதிலிருந்து ‘எப்படி வாழ்கிறான்?’ என்பதற்கு: தன்பாலீர்ப்பு ஆண்களைப் பற்றிய தொடக்ககாலச் சுயாதீனப் படங்கள்

தன்பாலீர்ப்பு ஆண்களைத் திரையில் காட்டிய வரலாற்றை எழுதுபவர்கள் பெரும்பாலும் துணிச்சலின் வரலாறாகவே அதை எழுதுகிறார்கள். முதல் முத்தம் எந்தப் படத்தில் வந்தது, எந்தப் படத்தைத் தணிக்கை முடக்கியது, எந்த நடிகர் தன் பெயரைப் பணயம் வைத்தார் என்று பட்டியல் நீளும். பட்டியல் தேவைதான். ஆனால், ஒரு படம் தன் நாயகனிடம் என்ன கேட்கிறது என்பதை அது சொல்வதில்லை. வணிகப் படங்கள் அவனைத் திரையில் அனுமதித்த அரிய தருணங்களில் கேட்ட கேள்வி ஒன்றுதான்: இவன் ஏன் இப்படி ஆனான்? அவன் எப்படி வாழ்கிறான், யாரோடு உண்கிறான், காதலன் நோயில் விழுந்தால் யார் பார்த்துக்கொள்கிறார்கள் என்று கேட்டவை சிறு முதலீட்டில், பெரும்பாலும் அந்த வாழ்க்கையை வாழ்ந்தவர்களே எடுத்த படங்கள்.

ஒரு கேள்வியிலிருந்து மற்றொன்றுக்கு நகர ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் பிடித்தன. 1940களின் பிற்பகுதியிலிருந்து 1990களின் தொடக்கம் வரையிலான அந்த நகர்வை அமெரிக்காவை மையமாக வைத்தும், ஜெர்மனி, பிரிட்டன், பிரான்ஸ் ஆகிய நாடுகளின் படங்களைச் சேர்த்துக்கொண்டும் இக்கட்டுரை பார்க்கிறது.

சட்டத்திடம் வைத்த முறையீடு

தொடக்கத்தைத் தேடினால் 1919ஆம் ஆண்டு ஜெர்மனிக்குப் போக வேண்டும். ரிச்சர்ட் ஓஸ்வால்ட் இயக்கிய ‘ஆண்டர்ஸ் அல்ஸ் டி ஆண்டர்ன்’ (மற்றவர்களிலிருந்து மாறுபட்டவன்) என்ற மௌனப் படத்தைப் பாலியல் ஆய்வாளரான மருத்துவர் மாக்னஸ் ஹிர்ஷ்ஃபெல்ட் அவரோடு சேர்ந்து எழுதினார். படத்தில் மருத்துவராகவே தோன்றினார். கான்ராட் ஃபைட் நடித்த வயலின் கலைஞன் தன் மாணவனை நேசிக்கிறான். அதை அறிந்த ஒருவன் மிரட்டிப் பணம் பறிக்கிறான். வழக்கு நீதிமன்றம் போகிறது, கலைஞனின் பெயர் கெடுகிறது, அவன் தற்கொலை செய்துகொள்கிறான். ஆண்களுக்கிடையிலான உறவைக் குற்றமாக்கிய சட்டப்பிரிவு 175ஐ நீக்கக் கோருவதற்காகவே எடுத்த படம் இது. மறு ஆண்டே திரைப்படத் தணிக்கை மீண்டும் வந்து, மருத்துவர்களும் ஆய்வாளர்களும் தவிர வேறு யாரும் பார்க்கக் கூடாது என்று இதை முடக்கியது. பின்பு நாஜிகள் பிரதிகளை அழித்தார்கள். ஹிர்ஷ்ஃபெல்ட் 1927இல் வேறொரு படத்தில் இதன் பகுதிகளைச் சேர்த்திருந்ததால்தான் இன்று துண்டுகளாவது கிடைக்கின்றன.

நாயகன் மீது கருணையுள்ள படம் அது. ஆனால் நீதிபதியிடம் வைக்கும் மனுவைப் போல அவன் வாழ்க்கையை எடுத்துரைத்தது. பிரிட்டனில் 1961இல் வந்த பேசில் டியர்டனின் ‘விக்டிம்’ படமும் இதே வார்ப்புதான்: மிரட்டலுக்கு ஆளாகும் வழக்கறிஞர், அவராக டர்க் போகார்ட். ஆண்களின் உறவைக் குற்றப் பட்டியலிலிருந்து ஓரளவு நீக்கிய 1967 சட்டத்துக்குச் சாதகமான பொதுக்கருத்து உருவாக அந்தப் படமும் உதவியது. அந்தப் பெருமையைக் குறைக்க முடியாது. ஆயினும் காதலனோடு அந்த வழக்கறிஞர் கழித்த ஒரு மாலைப்பொழுதைக்கூட நாம் பார்ப்பதில்லை.

அமெரிக்காவில் இந்த மனுவுக்குக்கூட இடமில்லை. 1930இல் ஏற்று 1934 முதல் கறாராக நடைமுறைப்படுத்திய தயாரிப்பு விதிமுறை, தன்பாலீர்ப்பைத் திரையில் குறிப்பாலும் காட்டக் கூடாது என்றது. 1961இல் அந்த விதி தளர்ந்தபோது உள்ளே வந்தவர்கள் பெரும்பாலும் சாகப்போகிறவர்கள். விட்டோ ரூசோ 1981இல் வெளியிட்ட ‘தி செல்லுலாய்ட் க்ளோசெட்’ நூலின் திருத்திய பதிப்பில், இத்தகைய பாத்திரங்கள் எந்தெந்தப் படத்தில் எப்படிச் செத்தார்கள் என்று தனிப் பட்டியலே உண்டு. தற்கொலையும் கொலையும் அதை நிறைக்கின்றன.

வீட்டில் எடுத்த படம், சிறையில் நடந்த காதல்

விதிமுறை ஸ்டூடியோக்களைத்தான் கட்டுப்படுத்தியது. ஸ்டூடியோவுக்கு வெளியே, 1947இல், கலிபோர்னியாவின் பெவர்லி ஹில்ஸில் பெற்றோர் ஊரில் இல்லாத வார இறுதியில் அவர்கள் வீட்டிலேயே 16 மி.மீ. கேமராவில் ஒரு குறும்படம் எடுத்தார் இருபது வயதுகூட நிரம்பியிராத, அல்லது அப்போதுதான் நிரம்பிய கென்னத் ஆங்கர். ‘ஃபயர்வொர்க்ஸ்’ என்ற அந்தப் படம் கால் மணி நேரத்துக்கும் குறைவு. இளைஞன் ஒருவன் கனவில் கடற்படை வீரர்களைத் தேடிப் போகிறான், அடிபடுகிறான், விழிக்கிறான். கனவு காண்பவன் ஆங்கரேதான். மனித பாலியல் நடத்தையை ஆராய்ந்த ஆல்ஃபிரட் கின்சி அதன் பிரதியொன்றை விலைக்கு வாங்கினார். லாஸ் ஏஞ்சலிஸில் அதைத் திரையிட்ட அரங்க நடத்துநர் மீது ஆபாச வழக்குத் தொடுத்தார்கள். கீழ்நீதிமன்றம் தண்டித்தது, மேல்முறையீட்டில் விடுதலை கிடைத்தது.

பிரான்சில் எழுத்தாளர் ழான் ழெனே 1950இல் எடுத்த ‘அன் ஷாந்த் தாமூர்’ (காதல் பாடல்) அவர் இயக்கிய ஒரே படம். இருபத்தாறு நிமிடம், ஒலியே இல்லை. அடுத்தடுத்த சிறையறைகளில் இரண்டு கைதிகள். நடுவே சுவர். சுவரிலுள்ள ஓட்டை வழியே ஒருவன் வைக்கோல் தண்டைச் செருகிச் சிகரெட் புகையை ஊதுகிறான். மறுபக்கம் இருப்பவன் அந்தப் புகையை வாயில் வாங்கிக்கொள்கிறான். காவலன் துவாரத்தில் கண் வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறான். காதலர் இருவர், நடுவில் சுவர், கண்காணிக்கும் கண் ஒன்று: அந்தக் கால நிலைமை முழுவதும் இந்த ஒரு காட்சியில் அடங்கியிருக்கிறது. 1964இல் இதையும் ஜாக் ஸ்மித்தின் ‘ஃபிளேமிங் க்ரீச்சர்ஸ்’ படத்தையும் நியூயார்க்கில் திரையிட்டதற்காகத் திரைப்பட விமர்சகர் ஜோனாஸ் மேகஸ் கைதானார். 1967இல் அமெரிக்க உச்ச நீதிமன்றமும் ழெனேயின் படம் ஆபாசமே என்ற கலிபோர்னியத் தீர்ப்பை உறுதிசெய்தது.

இவை உறவுகளைப் பற்றிய படங்கள் அல்ல, ஏக்கத்தைப் பற்றியவை. அவற்றில் பேச்சே கிடையாது. இரண்டு ஆண்கள் உட்கார்ந்து பேசும் காட்சி வருவதற்கு ஒரு சமூகம் தன்னைத் தானே வெளிப்படையாகக் கூட்டிக்கொள்ள வேண்டியிருந்தது. 1969 ஜூன் 28 அதிகாலையில் நியூயார்க்கின் ஸ்டோன்வால் மதுக்கூடத்தில் காவல்துறையை எதிர்த்து எழுந்த கலகமும் அதைத் தொடர்ந்த இயக்கமும் அதற்கு வழி திறந்தன.

பேசத் தொடங்கிய 1970கள்

மேற்கு ஜெர்மனியில் வரிசை தலைகீழாக அமைந்தது: அங்கே படம் முதலில் வந்தது, இயக்கம் பின்னால் வந்தது. ரோசா ஃபான் பிரான்ஹைம் 1971இல் காட்டிய படத்தின் தலைப்பே ஒரு வாதம்: வக்கிரம் தன்பாலீர்ப்பாளனிடம் இல்லை, அவன் வாழும் சமூகத்தில் இருக்கிறது. சிற்றூரிலிருந்து பெர்லினுக்கு வரும் இளைஞன் ஜோடி வாழ்க்கை, மதுக்கூடம், பூங்கா என்று அலைந்து, கடைசியில் சேர்ந்து வாழும் ஒரு குழுவைச் சந்திக்கிறான். அரசியலாகத் திரளுங்கள் என்று அவர்கள் சொல்கிறார்கள். ஒளிந்து வாழ்வதில் சுகம் கண்ட தன்பாலீர்ப்பு ஆண்களையே படம் கடுமையாகச் சாடுகிறது. அதனால் திரையிட்ட இடமெல்லாம் சண்டை மூண்டது. அந்தச் சண்டைகளிலிருந்துதான் மேற்கு பெர்லினிலும் பிற நகரங்களிலும் அமைப்புகள் பிறந்தன.

அமெரிக்காவில் கிறிஸ்டோபர் லார்கின் 1974இல் எடுத்த ‘எ வெரி நேச்சுரல் திங்’ எதிர்த்திசையில் சென்றது. மடத்தை விட்டு வெளியேறி நியூயார்க் வந்து ஆசிரியனாகும் டேவிட், காப்பீட்டு நிறுவன அதிகாரி மார்க்கைக் காதலிக்கிறான். ஒரே வீட்டில் குடியேறுகிறார்கள். டேவிட் நிலையான இணைவாழ்க்கையை விரும்புகிறான், மார்க்குக்கு அது மூச்சுமுட்டுகிறது. பிரிகிறார்கள். மிரட்டல் இல்லை, கொலை இல்லை, தற்கொலை இல்லை. படத்தின் மோதல் முழுக்க முழுக்க இரண்டு காதலர்களுக்குள் இருக்கிறது. 1973இல் நியூயார்க்கில் நடந்த பெருமைப் பேரணியின் உண்மைக் காட்சிகளைக் கதைக்குள் கொண்டுவந்து, அங்கேயே டேவிட் அடுத்த மனிதனைச் சந்திக்க வைத்தார் லார்கின். இன்று பார்த்தால் சில இடங்களில் வசனம் விளக்கவுரையாகிறது, இசை இனிப்பு கூடியது. ஆனால் ஆணும் ஆணும் பிரிந்தால் அது சாதாரணக் காதல் தோல்விதான், சாபமல்ல என்று அமெரிக்க அரங்குகளில் சொன்ன முதல் கதைப்படங்களில் இது ஒன்று.

தனியாகக் குறிப்பிட வேண்டியது பிரிட்டனின் ‘நைட்ஹாக்ஸ்’ (1978). ரான் பெக் இயக்க, பால் ஹாலம் அவரோடு சேர்ந்து எழுதினார். ஜிம் என்ற புவியியல் ஆசிரியர் பகலில் பாடம் நடத்துகிறார், இரவில் லண்டனின் நடன அரங்குகளில் துணை தேடுகிறார். அதே இசை, அதே விளக்கு, கூட்டத்தை அளக்கும் அதே கண்கள். மறுநாள் காலை யாரையாவது காரில் கொண்டுபோய் விடும்போது அதே பேச்சு: என்ன வேலை, எங்கே வீடு, மறுபடி பார்க்கலாமா. காட்சிகள் திரும்பத் திரும்ப வருகின்றன. தனிமை என்பது ஒரே செயலை ஓயாமல் செய்வது என்பதைப் பார்வையாளர் தன் உடம்பில் உணரும்வரை வருகின்றன. கடைசியில் வகுப்பறையில் ஒரு மாணவன் கேட்டுவிடுகிறான்: சார், நீங்கள் அப்படிப்பட்டவரா? ஜிம் ஆமாம் என்கிறார். கேள்விகள் கொட்டுகின்றன. சில கொச்சையானவை, சில குழந்தைத்தனமானவை, சில நியாயமானவை. ஒவ்வொன்றுக்கும் குரலை உயர்த்தாமல் பதில் சொல்கிறார். கேள்வி கேட்பவர்கள் உண்மையான பள்ளி மாணவர்கள் என்பதால் அந்தக் காட்சியில் ஒத்திகையின் வாடையே இல்லை. ‘ஏன் இப்படி?’ என்ற கேள்வியைச் சமூகம் கேட்க, ‘இப்படித்தான் வாழ்கிறேன்’ என்று ஒருவர் நேருக்கு நேர் பதில் சொல்லும் காட்சி அது. இந்த நாற்பது ஆண்டு வரலாற்றின் திருப்புமுனை எது என்று கேட்டால் அந்த வகுப்பறையைத்தான் காட்டுவேன்.

1980இல் மேற்கு பெர்லினில் ஃபிராங்க் ரிப்லோ எடுத்த ‘டாக்ஸி சும் க்ளோ’ படத்தின் நாயகனும் ஆசிரியன்தான். தன் பெயரிலேயே தன் வாழ்க்கையை நடித்தார் ரிப்லோ. அன்றைய காதலரே படத்திலும் காதலராக நடித்தார். வீட்டைக் கவனித்துக்கொண்டு அமைதியாக வாழ விரும்பும் ஒருவன், தெருவும் இரவும் வேண்டும் என்கிற மற்றொருவன்: லார்கின் கண்ணியமாகச் சொன்ன அதே முரணை ரிப்லோ ஒளிவுமறைவின்றிக் காட்டினார். யாரையும் நல்லவனாகக் காட்டி அனுதாபம் சம்பாதிக்கும் தேவையே அவருக்கு இல்லை.

ஆவணப்படத்தில் இந்த மாற்றத்தைச் செய்தது ‘வேர்ட் இஸ் அவுட்’ (1977). பீட்டர் அடேர், ராப் எப்ஸ்டைன் உள்ளிட்ட ஆறு பேர் கொண்ட மாரிபோசா குழு இருபத்தாறு ஆண்களையும் பெண்களையும் கேமரா முன் உட்கார வைத்துப் பேசவிட்டது. நிபுணர் விளக்கம் இல்லை, பின்னணிக் குரல் இல்லை. அதுவரை தன்பாலீர்ப்பைப் பற்றிய ஆவணப்படங்களில் மனநல மருத்துவர் பேசுவார், மற்றவர்கள் இருட்டில் முகம் மறைத்து உட்கார்ந்திருப்பார்கள். இங்கே வெளிச்சத்தில் அமர்ந்தவர்கள் தங்கள் கதையைத் தாங்களே சொன்னார்கள். எப்ஸ்டைன் பின்பு எடுத்த ‘தி டைம்ஸ் ஆஃப் ஹார்வி மில்க்’ (1984) ஆவணப்படத்துக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றது.

நோயின் ஆண்டுகள்

1981 ஜூன் 5 அன்று அமெரிக்க நோய்த்தடுப்பு மையம் லாஸ் ஏஞ்சலிஸில் ஐந்து இளைஞர்களுக்கு வந்த அரிய நிமோனியாவைப் பற்றி அறிக்கை வெளியிட்டது. எய்ட்ஸ் என்று பின்னர் பெயர்பெற்ற நோயைப் பற்றிய முதல் அறிக்கை அது. அதிபர் ரீகன் அந்நோயைப் பற்றித் தனி உரை நிகழ்த்த 1987 மே மாதம் ஆயிற்று. இந்த இடைவெளியில்தான் இத்துறையின் மிக முக்கியமான இரண்டு படங்கள் வந்தன.

ஆர்தர் ப்ரெஸ்ஸானின் ‘படீஸ்’ (1985) எய்ட்ஸைப் பற்றிய முதல் முழுநீளக் கதைப்படம். ஐந்து நாளில் எழுதி, ஒன்பது நாளில் படம்பிடித்தார். செலவு 27,000 டாலர். அச்சுக்கோப்பாளனான டேவிட், மருத்துவமனையில் தனியாகக் கிடக்கும் ராபர்ட்டுக்குத் துணையாகத் தன்னார்வத் தொண்டனாகப் போகிறான். திரையில் முகம் தெரிவது இவர்கள் இருவருக்கு மட்டுமே. செவிலியரும் நண்பர்களும் குரலாகவோ முதுகாகவோதான் வருகிறார்கள். பணமில்லாத குறை அங்கே பொருளாகிவிடுகிறது: உலகம் முகம் திருப்பிக்கொண்ட அறையில் இரண்டு பேர் மட்டும் மிஞ்சியிருக்கிறார்கள். படத்தின் தொடக்கத்தில் கணினி அச்சுப்பொறியிலிருந்து இறந்தவர்களின் பெயர்கள் வரிவரியாக விழுகின்றன. முடிவில் ராபர்ட் இறந்தபின், அவன் செய்ய ஆசைப்பட்டதை டேவிட் செய்கிறான்: கையில் பதாகையோடு வெள்ளை மாளிகை முன் தன்னந்தனியாக நிற்கிறான். உடம்புக்கு முடியாதவனைப் பார்த்துக்கொள்வதும் அரசிடம் கணக்குக் கேட்பதும் ஒரே அன்பின் இரண்டு வேலைகள் என்று அந்தப் படம் சொன்னது. ப்ரெஸ்ஸான் 1987இல் எய்ட்ஸால் இறந்தார். ராபர்ட்டாக நடித்த ஜெஃப் எட்ஹோம் 1989இல் இறந்தார்.

பில் ஷெர்வுட்டின் ‘பார்ட்டிங் க்ளான்ஸஸ்’ (1986) இதற்கு நேர்மாறான தொனி கொண்டது. கதை ஏறக்குறைய ஒரு நாளில் நடந்துமுடிகிறது. ராபர்ட் வேலை நிமித்தம் ஆப்பிரிக்கா கிளம்புகிறான். அவனோடு வாழும் மைக்கேல் ஒரு பக்கம் அவன் பயணத்துக்கான ஏற்பாடுகளைப் பார்க்கிறான், இன்னொரு பக்கம் எய்ட்ஸ் வந்திருக்கும் பழைய நண்பன் நிக்கைக் கவனித்துக்கொள்கிறான். நிக்காக அப்போது யாருக்கும் தெரியாத ஸ்டீவ் புஷெமி. நிக் படுக்கையில் கிடந்து கண்ணீர் வரவழைப்பவன் அல்ல. பாட்டு எழுதுகிறான், எரிந்து விழுகிறான், தன்மேல் இரக்கப்படுகிறவர்களைக் கிண்டலடிக்கிறான். ராபர்ட் ஊரை விட்டுப் போவதற்குப் பின்னால் நிக்கின் சாவைப் பக்கத்திலிருந்து பார்க்கும் தெம்பு இல்லாததும் ஒரு காரணம் என்பது மெல்ல மெல்லத் தெரியவருகிறது. விருந்து, பெட்டி கட்டுதல், விமான நிலையம் என்று எல்லா வீட்டிலும் நடப்பவற்றுக்குள்ளேயே அந்த ஆண்டுகளின் பயம் முழுவதையும் வைத்துவிட்டார் ஷெர்வுட். அவர் முடித்த ஒரே படம் இது. 1990இல் அவரும் எய்ட்ஸால் இறந்தார்.

பெரிய ஸ்டூடியோ ஒன்று எய்ட்ஸை மையமாக வைத்து எடுத்த ‘ஃபிலடெல்ஃபியா’ 1993இல்தான் வந்தது. அதிலும் கதை நீதிமன்றத்துக்குத்தான் போனது.

விடுபட்டவர்கள்

இந்தப் படங்களின் குறையையும் சொல்ல வேண்டும். நாயகர்களில் மிகப் பெரும்பாலோர் வெள்ளையர், படித்தவர்கள், பெருநகரவாசிகள். அந்த எல்லையை உடைத்தவை மூன்று.

கஸ் வான் சான்ட் 25,000 டாலரில் கறுப்பு வெள்ளையில் எடுத்த முதல் படம் ‘மாலா நோச்சே’ (1986). போர்ட்லேண்டில் கடையொன்றில் வேலை பார்க்கும் வால்ட், மெக்சிகோவிலிருந்து ஆவணமில்லாமல் வந்த இளைஞன் மேல் பித்தாகிறான். கையில் கொஞ்சம் காசுள்ள வெள்ளையன், எந்நேரமும் பிடிபடக்கூடிய ஏழை: இந்த ஏற்றத்தாழ்வைப் படம் மறைக்கவில்லை.

பிரிட்டனில் சேனல் 4 தொலைக்காட்சிக்காக ஸ்டீபன் ஃப்ரியர்ஸ் 16 மி.மீ.யில் எடுத்த ‘மை பியூட்டிஃபுல் லாண்ட்ரெட்’ (1985) ஹனிஃப் குரேஷியின் திரைக்கதை. லண்டனில் வளர்ந்த பாகிஸ்தானிய வம்சாவளி இளைஞன் ஒமர், தன் சித்தப்பாவின் சலவை நிலையத்தை எடுத்து நடத்துகிறான். முன்பு இனவெறிக் கும்பலோடு திரிந்த பள்ளித் தோழன் ஜானி அவனோடு வேலைக்குச் சேர்கிறான், காதலனும் ஆகிறான். அவர்களுக்கு முன்னால் நிற்கும் சிக்கல்கள் பணம், நிறவெறி, குடும்பம், தாட்சர் காலத்து வேலையின்மை. காதல் அந்தப் பட்டியலிலேயே இல்லை. ‘ஏன்?’ என்று படத்தில் ஒருவரும் கேட்பதில்லை. அதுதான் அதன் சாதனை.

மூன்றாவது, மார்லன் ரிக்ஸின் ‘டங்ஸ் அன்டைட்’ (1989). கறுப்பினத் தன்பாலீர்ப்பு ஆண்களைப் பற்றிய 55 நிமிடப் படம். வெள்ளையர் கூடும் மதுக்கூடத்தில் நிறத்துக்காகவும், சொந்தச் சமூகத்தில் காதலுக்காகவும் ஒதுக்கப்பட்டவர்களின் குரலை எசெக்ஸ் ஹெம்ஃபில் முதலானோரின் கவிதை, நடனம், நேர்காணல், ரிக்ஸின் சொந்த வாக்குமூலம் ஆகியவற்றைக் கோத்து அமைத்தார். 1991இல் அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பு வந்தபோது பல நிலையங்கள் மறுத்துவிட்டன. அரசின் கலை நிதியிலிருந்து ரிக்ஸுக்குக் கிடைத்திருந்தது 5,000 டாலர்தான். 1992இல் அரசியல்வாதி பாட் புக்கானன் தன் தேர்தல் விளம்பரத்தில் இப்படத்தின் காட்சிகளைப் போட்டு வரிப்பணம் வீணாகிறது என்று பிரசாரம் செய்தார். ரிக்ஸ் 1994இல் எய்ட்ஸால் இறந்தார். ‘வேர்ட் இஸ் அவுட்’, ‘டங்ஸ் அன்டைட்’ இரண்டையும் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 2022இல் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தது.

பணம், அரங்கு, பார்வையாளர்

சுயாதீனம் இங்கே ஓர் அழகியல் தேர்வு அல்ல, ஒரே வழி. வங்கி கடன் தராது, ஸ்டூடியோ கதை கேட்காது. நண்பர்களின் வீடு படப்பிடிப்புத் தளமானது, காதலர்கள் நடிகர்களானார்கள். ஆனால், யாருக்கும் விளக்கம் சொல்லாமல் கதை சொல்லும் சுதந்திரத்தை அந்த வறுமைதான் தந்தது. பத்து லட்சம் பேர் பார்த்தால்தான் முதல் திரும்பும் என்றால், அந்தப் பத்து லட்சம் பேரின் சங்கடத்தைத் தணிக்கவே பாதிப் படம் போய்விடும்.

எடுத்த படத்தைக் காட்டவும் இடம் வேண்டும். 1970களில் வயதுவந்தோர் படங்களுக்கான அரங்குகளே பல நகரங்களில் கிடைத்த ஒரே திரை. ப்ரெஸ்ஸானும் அந்தத் துறையில் வேலை செய்தவர்தான். 1977இல் சான் பிரான்சிஸ்கோவில் சிலர் தாங்கள் எடுத்த சூப்பர் 8 படங்களைக் கொண்டுவந்து கூடிப் பார்த்தார்கள். அந்தக் கூட்டம்தான் பின்னர் ஃப்ரேம்லைன் விழாவாக வளர்ந்தது. விழாக்கள் பெருகியதும் பார்வையாளர்கள் திரண்டார்கள், விநியோகஸ்தர்களும் வந்தார்கள். 1991இல் டாட் ஹேன்ஸின் ‘பாய்சன்’ சண்டான்ஸ் விழாவின் உயரிய பரிசைப் பெற்றது. 1992இல் கிரெக் அராக்கியின் ‘தி லிவிங் எண்ட்’, டாம் காலினின் ‘ஸ்வூன்’ முதலியவை அடுத்தடுத்து வந்தபோது, விமர்சகர் பி. ரூபி ரிச் இந்த அலைக்கு ‘நியூ குயர் சினிமா’ என்று பெயரிட்டார். இந்தத் தலைமுறைக்கு நல்லவர்களாகக் காட்டிக்கொள்ளும் கட்டாயமும் இல்லை, விளக்கம் சொல்லும் கடமையும் இல்லை. முந்தைய நாற்பதாண்டுகள் அந்தக் கடனை அடைத்துவிட்டன.

பிரதிகளைக் காப்பது

இந்தப் படங்களை எடுத்தவர்களில் பலர் இளம் வயதிலேயே இறந்தார்கள். உரிமை யாரிடம், மூலப்படிவம் எங்கே என்று சொல்ல ஆளில்லாமல் பிரதிகள் பெட்டிகளில் கிடந்தன. ‘பார்ட்டிங் க்ளான்ஸஸ்’ 2007இலும், ‘படீஸ்’ 2018இலும் மீட்டெடுத்துப் புதுப்பித்த பின்பே புதிய தலைமுறைக்குக் கிடைத்தன.

இது வெளிநாட்டுச் சங்கதி மட்டும் அல்ல. கமலேஷ்வரின் நாவலைத் தழுவி பிரேம் கபூர் 1971இல் இயக்கிய இந்திப் படம் ‘பத்னாம் பஸ்தி’. லாரி ஓட்டுநர் ஒருவர், அவர் நேசிக்கும் பெண், அவரோடு வாழவரும் இளைஞன் என்று மூவரிடையே நகரும் கதை. ஆண்களுக்கிடையிலான நெருக்கத்தை இந்தியத் திரையில் காட்டிய மிகத் தொடக்ககாலப் படங்களில் ஒன்றான இது தொலைந்துபோனதாகவே பல பத்தாண்டுகள் கருதப்பட்டது. 2019இல் பெர்லினின் ஆர்சனல் ஆவணக் காப்பகத்தில் அதன் 35 மி.மீ. பிரதி கிடைத்தது. இந்தியாவில் தன்பாலீர்ப்பு ஆண்களைப் பற்றிய சினிமா 1996இல் ரியாத் வாடியாவின் ‘பாம்கே’ குறும்படத்தோடுதான் தொடங்குகிறது என்று எழுதிவந்தவர்கள் கணக்கைத் திருத்தி எழுத ஒரு படச்சுருள் போதுமானதாக இருந்தது.

முடிவாக

இந்தப் படங்களைத் திரும்பப் பார்க்கும்போது என் மதிப்பீடு இதுதான். ஆங்கரும் ழெனேயும் ஆசையைத் திரைக்குக் கொண்டுவந்தார்கள். லார்கினும் பெக்கும் ரிப்லோவும் அந்த ஆசைக்கு வீடும் வேலையும் தினசரி அலுப்பும் கொடுத்தார்கள். ப்ரெஸ்ஸானும் ஷெர்வுட்டும் அந்த வீட்டில் நோய் நுழைந்தபோது யார் யாருக்குத் துணை நின்றார்கள் என்று பதிவுசெய்தார்கள். இவர்கள் பெற்றுத் தந்தது அனுதாபத்தை அல்ல. மற்றவர்களைப் போலச் சண்டை போடவும், சலித்துக்கொள்ளவும், பிரியவும், பார்த்துக்கொள்ளவும் உரிமையுள்ள மனிதனைத் திரையில் பெற்றுத் தந்தார்கள்.

நம் நாட்டில் 2018 செப்டம்பர் 6 அன்று உச்ச நீதிமன்றம் ஒத்த விருப்பத்தோடு அமையும் இத்தகைய உறவைக் குற்றப் பட்டியலிலிருந்து நீக்கிவிட்டது. நீதிமன்றம் தீர்த்துவைத்த கேள்வியையே நம் படங்கள் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கத் தேவையில்லை. தன்பாலீர்ப்பைக் கையாளும் அடுத்த தமிழ்ப் படத்தைப் பார்க்கும்போது வாசகர்கள் ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்: அந்தப் படம் ‘ஏன்?’ என்று கேட்கிறதா, ‘எப்படி வாழ்கிறான்?’ என்று கேட்கிறதா? முதல் கேள்வியோடு நின்றுவிடும் படம் எவ்வளவு நல்லெண்ணம் கொண்டதாக இருந்தாலும், 1919ஐத் தாண்டி வரவில்லை.